முன்வரிசை ஐவரின் ஆசான்

அமெரிக்கக் கால்பந்தில் ஒவ்வோர் ஆட்டமும் முடிந்த கையோடு ஒரு கணக்குத் தாள் வெளியாகும். குவாட்டர்பேக் எத்தனை முறை பந்தை எறிந்தார், அதில் எத்தனை போய்ச் சேர்ந்தது, பந்தை வாங்கி ஓடியவர் எத்தனை கெஜம் கடந்தார், எதிரணியில் யார் எத்தனை பேரை விழத்தட்டினார் என்று எல்லாம் அதில் இருக்கும். பந்து கையிலிருக்கும் அணியின் 11 பேரில் 5 பேரைப் பற்றி மட்டும் அந்தத் தாள் பேசாது. நடுவில் சென்டர், அவருக்கு இருபுறமும் கார்டுகள், அவர்களுக்கு வெளியே டாக்கிள்கள். எதிரே நிற்பவனைத் தள்ளி வழி திறப்பதும், பந்தை எறியப்போகிறவரை அவன் நெருங்காமல் தடுப்பதும் இந்த ஐவரின் வேலை. சென்டர் பந்தைத் தன் கால்களுக்கு இடையே பின்னால் கொடுப்பார். மற்ற நால்வருக்குப் பந்தோடு உறவே கிடையாது. ஒலிபெருக்கியில் இவர்களைப் பற்றிப் பேச்சு வந்தால் அநேகமாக அது தண்டனை அறிவிப்பாகத்தான் இருக்கும்: எதிராளியைப் பிடித்து இழுத்துவிட்டார், பத்து கெஜம் பின்னால் போ.

என் மகன் பள்ளியில் இடது கார்டாக ஆடினான். பிட்ஸ்பர்க் நகரத்துக்குத் தெற்கே உள்ள அப்பர் செயின்ட் கிளேர் பள்ளி. வெள்ளிக்கிழமை இரவுகளில் ஊரே பந்தின் பின்னால் கண்ணை ஓட்டிக்கொண்டிருக்கும்போது, பெற்ற கடனுக்கு நான் அந்த ஐந்து முதுகுகளையே பார்த்துப் பழகினேன். பார்க்கப் பார்க்க, ஆட்டம் அங்கேதான் தீர்மானமாகிறது என்று புரிந்தது. ஜோ மூர் என்ற பெயரை முதலில் கேட்டதும் அந்தப் படிக்கட்டுகளில்தான். அவர் அந்தப் பள்ளியை விட்டுப் போய்ப் பல ஆண்டுகள் ஆகியிருந்தன. ஆனாலும் பெரியவர்கள் ஒரு பையனின் நிற்கும் விதத்தைப் பார்த்து, மூர் இருந்திருந்தால் இதை விட்டிருக்கமாட்டார் என்று பேசிக்கொள்வார்கள். அதற்குப் பிறகு பிட்ஸ்பர்க்கின் ஓக்லாந்து பகுதியிலுள்ள கார்னகி நூலகத்தில் பழைய நாளிதழ்ச் சுருள்களில் அவரைத் தேட ஆரம்பித்தேன். ஆட்டச் செய்திகளில் அவர் பெயர் அரிதாகவே அகப்பட்டது. அவர் யார் என்பதை அவரிடம் கற்றவர்கள் வழியாகவும், கடைசியில் ஒரு நீதிமன்ற வழக்கு வழியாகவும்தான் தெரிந்துகொள்ள முடிந்தது.

மூரிடம் போகும் முன் அந்த வேலையின் வரலாற்றைக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும். முன்வரிசைக்குத் தனி ஆசான் என்பது விளையாட்டோடு கூடப் பிறந்த பதவி இல்லை. 1892ல் ஹார்வர்டு அணி, யேலுக்கு எதிராக ஆட்களை ஆப்பு வடிவில் கூட்டி, ஓட்ட வேகத்தோடு எதிரணியின் ஓர் இடத்தில் கொண்டுபோய் மோதியது. அதைப் ‘பறக்கும் ஆப்பு’ என்றார்கள். 1894ல் அதற்குத் தடை வந்தது. கூட்டமாக மோதும் பழக்கம் மட்டும் போகவில்லை. 1905ல் இளைஞர்கள் பலர் ஆட்டத்திலேயே உயிரிழக்க, அதிபர் தியோடர் ரூஸ்வெல்ட் ஹார்வர்டு, யேல், பிரின்ஸ்டன் ஆட்களை வெள்ளை மாளிகைக்குக் கூப்பிட்டுப் பேசும்படி ஆயிற்று. மறு ஆண்டே பந்தை முன்னால் எறியலாம் என்று விதி வந்தது. இரண்டு வரிசைகளுக்கும் நடுவே பந்தின் நீளத்துக்கு இடைவெளி விடவேண்டும் என்றும் வந்தது. 1910ல் இன்னும் இறுக்கினார்கள். குறைந்தது 7 பேர் கோட்டில் நிற்கவேண்டும், பந்தோடு ஓடுபவரைச் சொந்த அணியினர் தள்ளவோ இழுக்கவோ கூடாது, கைகோத்துக்கொண்டு அரணாகப் போகக்கூடாது.

இந்த விதிகளுக்குப் பிறகுதான் முன்வரிசை ஆட்டக்காரன் தனி மனிதனானான். கூட்டத்தின் பாரம் அவன் முதுகில் இல்லை. எதிரே இருப்பவனைத் தன் காலாலும் இடுப்பாலும் தோளாலும் தானே நகர்த்த வேண்டும். கற்றுக்கொடுக்க ஒரு வித்தை பிறந்தது, அதற்கு ஆசானும் தேவைப்பட்டார். நோட்ரடேம் பல்கலைக்கழகத்தில் தலைமைப் பயிற்சியாளர் நூட் ராக்னிக்குக் கீழே ஹங்க் ஆண்டர்சன் அப்படி இருந்தார். 1936ல் நியூயார்க்கின் ஃபோர்டாம் கல்லூரி வரிசைக்கு ‘ஏழு கருங்கல் பாளங்கள்’ என்று பெயர். அதைப் பயிற்றியவர் ஃபிராங்க் லேஹி. அந்த ஏழு பேரில் ஒரு கார்டு, ஐந்தடி எட்டங்குல உயரமும் 85 கிலோகூட இல்லாத உடம்பும் கொண்ட வின்ஸ் லொம்பார்டி. பின்னால் தொழில்முறைக் கால்பந்தின் மிகப் பெரிய பெயரான அதே லொம்பார்டி, 1949ல் வெஸ்ட் பாயின்ட் ராணுவக் கல்லூரியில் முன்வரிசைப் பயிற்சியாளராகச் சேர்ந்துதான் கல்லூரி ஆட்டத்தில் தன் பெயரை நிலைநாட்டினார்.

லேஹியின் நாளில் ஒரே ஆட்கள்தான் தாக்கவும் தடுக்கவும் ஆடினார்கள், ஆகவே ஒரே ஆசான் இரண்டையும் கற்றுக்கொடுத்தார். 1945ல் மிச்சிகனின் ஃபிரிட்ஸ் கிரைஸ்லர், ஆர்மி அணிக்கு எதிராகத் தாக்க ஒரு படை, தடுக்க ஒரு படை என்று ஆட்களைப் பிரித்து இறக்கினார். 1953ல் கல்லூரி ஆட்டத்தில் இந்த ஏற்பாட்டுக்குத் தடை வந்தது. 1960களின் நடுவில் தடை நீங்கியது. அதன் பிறகு முன்வரிசை ஆசான் பதவி நிலையாக இரண்டாகப் பிரிந்தது. தாக்கும் ஐவருக்கு என்று ஒருவர், வேறு வேலை இல்லாமல், ஆண்டு முழுக்க. ஜோ மூரின் தலைமுறைக்கு வாய்த்தது அந்த இடம்.

மூர் 1932ல் பிட்ஸ்பர்க்கில் பிறந்தவர். 45 வயது வரை பள்ளிக்கூடங்களில்தான் பயிற்சியாளராக இருந்தார். அப்பர் செயின்ட் கிளேரில் அவரிடம் ஆடிய பிள்ளைகளில் ஒருவர் கர்க் ஃபெரன்ஸ். 1976ல், ‘பிட்’ என்று சுருக்கி அழைக்கப்படும் பிட்ஸ்பர்க் பல்கலைக்கழகம் தேசியப் பட்டம் வென்றது. ஜெயித்த தலைமைப் பயிற்சியாளர் ஜானி மேஜர்ஸ் டென்னசிக்குப் போய்விட, ஜாக்கி ஷெரில் பொறுப்பேற்றார். 1977ல் அவர் மூரைத் தன் குழுவில் சேர்த்தார். நாட்டின் முதலிடத்தில் இருக்கும் கல்லூரி அணிக்குள் ஒரு பள்ளிக்கூடத்துக்காரர். மேற்குப் பென்சில்வேனியாவில் இதை யாரும் விசித்திரமாக நினைத்திருக்கமாட்டார்கள். உருக்காலை, நிலக்கரி ஊர்களின் பள்ளி மைதானங்களிலிருந்துதான் பிட் அணிக்கு ஆட்கள் வந்தார்கள். அந்தப் பிள்ளைகளை அவர்கள் வீட்டுச் சமையலறை வரைக்கும் அறிந்த மனிதர் மூர்.

அவருடைய முதல் திறமை, ஒருவனைப் பார்த்து அவன் எதற்குப் பிறந்தவன் என்று கண்டுபிடிப்பது. ஸ்காட்டேலிலிருந்து வந்த ரஸ் கிரிம் பள்ளியில் குவாட்டர்பேக், பிட்டில் முதலில் தடுப்பு வரிசைக்குப் பின்னால் நிற்கும் லைன்பேக்கர். அவரைக் கொண்டுவந்து பந்தின்மேல் குனியவைத்து சென்டராக்கினார்கள். கான்வேயிலிருந்து வந்த ஜிம்போ கவர்ட் தடுப்பு வரிசையில் ஆட வந்தவர். அவர் இடது டாக்கிள் ஆனார். இந்த மாற்றத்தை ஏற்றுக்கொள்வது ஓர் இளைஞனுக்கு எவ்வளவு கசக்கும் என்பதை நான் வீட்டிலேயே பார்த்திருக்கிறேன். பந்தை எறிந்தவன், துரத்தியவன், இனி அதைத் தொடவே மாட்டான். கைதட்டல் நின்றுபோகும். அதைச் சொல்லி ஒப்புக்கொள்ளவைக்க ஒரு மனிதரிடம் பயம் மட்டும் போதாது, நம்பிக்கை வேண்டும்.

பிட் அணி 1979, 1980, 1981 மூன்று ஆண்டுகளும் 11 வெற்றி ஒரு தோல்வி என்று முடித்தது. அந்த ஆண்டுகளின் நாயகன் குவாட்டர்பேக் டான் மரீனோ என்றுதான் இந்த நகரம் இன்றும் சொல்லும். மரீனோ நின்று, பார்த்து, எறிய நேரம் வாங்கிக் கொடுத்தவர்கள் மூரின் பிள்ளைகள். 1980ல் டாக்கிள் மார்க் மே, நாட்டின் சிறந்த உள்வரிசை ஆட்டக்காரருக்கான அவுட்லண்ட் பரிசு பெற்றார். 1981ல் மேயையும் கிரிமையும் வாஷிங்டன் அணி எடுத்துக்கொண்டது. ‘ஹாக்ஸ்’ என்று நாடே கொண்டாடிய வரிசையில் இருவரும் நின்று, 1983 ஜனவரியில் சூப்பர் பவுல் ஜெயித்தார்கள். கவர்ட், சிகாகோ அணியில் பந்தோடு ஓடும் வால்டர் பேட்டனுக்கு வழி திறந்தார். கிரிம் 2010லும் கவர்ட் 2020லும் தொழில்முறைக் கால்பந்தின் புகழ் மண்டபத்துக்குள் போனார்கள். ஒரே கல்லூரியில், ஒரே ஆசானிடம், ஒரே காலத்தில் குனிந்து நின்றவர்கள்.

பில் ஃபிராலிக்கைத் தனியாகச் சொல்ல வேண்டும். அவர் பென் ஹில்ஸ் பையன். நம்மவர்கள் அமெரிக்காவின் நாலா பக்கமிருந்தும் வந்து கும்பிட்டுப் போகும் வெங்கடாசலபதி கோயில் இருக்கிறதே, அதே பென் ஹில்ஸ். எண்ணிக்கையே இல்லாத இடத்தில் ஆடும் இந்த இளைஞனைப் பரிசுக்கு எப்படி முன்னிறுத்துவது என்று யோசித்த பிட் பல்கலைக்கழகச் செய்திப் பிரிவு, ஒரு புதிய கணக்கைத் தொடங்கியது. ஃபிராலிக் எத்தனை எதிராளிகளை முதுகு தரையில் பட மல்லாத்தினார் என்று எண்ணி, அதற்கு ‘பான்கேக்’ என்று பெயர் வைத்துப் பத்திரிகைகளுக்கு அனுப்பினார்கள். அந்தச் சொல் இன்று சிறு பள்ளி மைதானத்திலும் புழங்குகிறது. பெரும்பாலும் குவாட்டர்பேக்குகளுக்கும் ஓடுபவர்களுக்கும் என்று ஆகிப்போயிருந்த ஹைஸ்மன் பரிசுக்கான வாக்கெடுப்பில், 1983ல் எட்டாவதாகவும் 1984ல் ஆறாவதாகவும் அவர் வந்தார். அடுத்த ஆண்டு தொழில்முறை அணிகள் தேர்ந்தெடுத்த அத்தனை பேரிலும் அவர் இரண்டாவது.

மூர் என்ன கற்றுக்கொடுத்தார்? வெளியிலிருந்து பார்ப்பவருக்குச் சலிப்பூட்டும் வித்தை இது. முதல் அடி ஆறு அங்குலம். அதற்கு மேல் எடுத்தால் ஒரு கால் அந்தரத்தில் நிற்கும்போது எதிராளி வந்து மோதிவிடுவான். இடுப்பு தாழ்ந்திருக்க வேண்டும். தாழ்வாக மோதுபவன்தான் ஜெயிப்பான். அதற்காகத் தாழ்வான கம்பிக் கூரை ஒன்றின் கீழே நிற்கவைத்துப் பாயச்சொல்வார்கள், நிமிர்ந்தால் தலை இடிக்கும். கால்கள் ஒட்டாதிருக்கத் தரையில் ஒரு பலகை போட்டு, அதன் இருபுறமும் கால் வைத்து முன்னேறவேண்டும். பஞ்சு மெத்தை பொருத்திய இரும்புச் சறுக்கு வண்டியை ஐந்து பேரும் ஒரே நொடியில் தாக்கித் தள்ளவேண்டும். ஒருவன் பிந்தினாலும் வண்டி கோணிக்கொண்டு போய்க் காட்டிக்கொடுத்துவிடும். இரண்டு பேர் சேர்ந்து ஒருவனை நகர்த்துவது, நகர்த்தியபடியே அதில் ஒருவர் பிரிந்து அடுத்தவனிடம் போவது, போகும் தருணத்தைப் பேசாமலே தோளின் அழுத்தத்தால் தெரிந்துகொள்வது. கர்நாடக சங்கீதத்தில் சரளி வரிசையைப் பல மாதம் பாடவைப்பது போல இதையே நாள்தோறும் செய்யவைத்தார்கள். என் மகனின் வரிசையும் பருவத்தின் முதல் நாட்களில் யாரையும் மோதவில்லை, அடி மட்டுமே எடுத்துவைத்தது.

மூரின் காலத்தில் கைகளின் விதியும் மாறியது. முன்பெல்லாம் முன்வரிசைக்காரன் கைகளை மார்போடு மடக்கி வைத்துக்கொண்டு, தோளாலும் முன்கையாலும்தான் தடுக்க வேண்டும். 1978ல் தொழில்முறை ஆட்டத்தில் கையை நீட்டவும் விரலை விரிக்கவும் அனுமதித்தார்கள். கல்லூரி ஆட்டம் படிப்படியாகத் தளர்த்தி, 1985ல் முழுதாக விட்டது. தோளின் வித்தை உள்ளங்கையின் வித்தையானது. நடுவயதில் ஒரு தொழிலின் இலக்கணமே மாறும்போது பலர் நின்றுவிடுவார்கள். மூரின் மிகப் பெரிய பட்டம் அந்த மாற்றத்துக்குப் பிறகு வந்தது.

நடுவில் 1986, 87ல் பிலடெல்பியாவின் டெம்பிள் பல்கலைக்கழகம், புரூஸ் ஏரியன்ஸின் கீழே. அங்கே 1986ல் பால் பாமர் 1,866 கெஜம் ஓடி நாட்டிலேயே முதலிடம் பிடித்தார். 1988ல் லூ ஹோல்ட்ஸ் மூரை நோட்ரடேமுக்கு அழைத்தார். அங்கேயும் அதே கண்: டைட் எண்டாகப் பந்து பிடித்துக்கொண்டிருந்த ஆண்டி ஹெக், கடைசி ஆண்டில் டாக்கிளாக மாறினார். அந்தப் பருவத்தில் நோட்ரடேம் 12 ஆட்டங்களையும் வென்று தேசியப் பட்டம் பெற்றது. ஹெக்கை அடுத்த வசந்தத்தில் சியாட்டில் முதல் சுற்றிலேயே எடுத்தது. 1993ல் டாக்கிள் ஆரன் டெய்லர் லொம்பார்டி பரிசு பெற்றார். ஃபோர்டாமின் அந்தக் குட்டைக் கார்டின் பெயரால் தரப்படும் பரிசு.

1996 இறுதியில் ஹோல்ட்ஸ் விலகினார். புதிய தலைமைப் பயிற்சியாளர் பாப் டேவி, மேற்குப் பென்சில்வேனியாவிலேயே பிறந்தவர், பிட்டில் மூர் இருந்த காலத்தில் அதே குழுவில் வேலை பார்த்தவர். அவர் மூரை வைத்துக்கொள்ளவில்லை. மூருக்கு அப்போது 64 வயது. வயதைக் காரணம் காட்டி நீக்கினார்கள் என்று மூர் கூட்டாட்சி நீதிமன்றத்துக்குப் போனார். வயது காரணமே இல்லை, வீரர்களை அவர் திட்டியதும் அடித்ததுமே காரணம் என்றது பல்கலைக்கழகம். 1998 ஜூலையில் இண்டியானாவின் லஃபாயெட் நகரில் ஜூரிகள் முன்னால் விசாரணை நடந்தது. ஹோல்ட்ஸின் அணிக்குள் நடந்தவை அத்தனையும் பொதுவெளிக்கு வந்தன. ஜூரிகள் மூரின் பக்கம் தீர்ப்புச் சொன்னார்கள். பாகுபாடு தெரிந்தே செய்யப்பட்டது என்று அவர்கள் முடிவு செய்ததால், 43,000 டாலருக்குச் சற்றுக் குறைந்த இழப்பீடு சட்டப்படி இரட்டிப்பானது. வேலையைத் திருப்பித் தரவேண்டும் என்ற அவர் கோரிக்கையை நீதிபதி ஏற்கவில்லை; அதற்குப் பதிலாக ஏறத்தாழ 75,000 டாலர் கொடுக்கச் சொன்னார்.

இந்த வழக்கைப் படித்து முடிக்க எனக்கு மனம் வரவில்லை, படிக்காமல் விடவும் முடியவில்லை. 64 வயது ஆசானைப் பார்த்து நீ கிழவன் என்று சொல்வது அநியாயம், ஜூரிகள் சரியாகத்தான் சொன்னார்கள். அதே சமயம், அங்கே பேசப்பட்ட அடிகள் என் மகன்மேல் விழுந்திருந்தால் நான் அவனை அந்த மைதானத்துக்கு மறுநாள் அனுப்பியிருக்கமாட்டேன். கண்டிப்பும் வன்மையும் ஒன்றுதான் என்று நம்பிய ஒரு தலைமுறை அது. உருக்காலை மேஸ்திரி எப்படிப் பேசினாரோ அப்படியே மைதானத்திலும் பேசினார்கள். அவரிடம் கற்றவர்கள் பலர் அவரைத் தகப்பன்போலப் பேசுவதையும் நான் மறைக்கப்போவதில்லை. இரண்டையும் சேர்த்துத்தான் அந்த மனிதரை எழுத முடியும்.

2003 ஜூலையில் மூர் 71 வயதில் இறந்தார். 2015ல் ஆரன் டெய்லரும் மற்றவர்களும் சேர்ந்து ஜோ மூர் விருதைத் தொடங்கினார்கள். கல்லூரிக் கால்பந்தில் தனி ஆளுக்குத் தராமல் ஒரு முழு வரிசைக்கும் தரப்படும் பரிசு அது. ஜெர்ரி மக்கென்னா வடித்த வெண்கலச் சிலை, 800 பவுண்டு எடை, சுமார் 360 கிலோ. எண்கள் இல்லாததால் தேர்வுக் குழு படச்சுருள்களைப் பார்த்துத்தான் முடிவெடுக்கிறது. முதலாண்டு அலபாமா, 2017ல் நோட்ரடேம், 2021, 2022 இரண்டிலும் மிச்சிகன். 2024ல் லொம்பார்டி பாடம் நடத்திய வெஸ்ட் பாயின்டின் ஆர்மி அணிக்குப் போனது. முந்நூறு பவுண்டு இளைஞர்களைத் தேடிப் பொறுக்கும் வசதி இல்லாத ராணுவக் கல்லூரிக்கு இது கிடைத்தபோது நான் உண்மையாகவே மகிழ்ந்தேன். உடம்பைவிட அடியும் இடுப்பும் பெரியவை என்பதற்கு வேறு சான்று வேண்டாம்.

2016ல் அது அயோவாவுக்குப் போனது. அங்கே தலைமைப் பயிற்சியாளர் கர்க் ஃபெரன்ஸ், அப்பர் செயின்ட் கிளேரில் மூரிடம் ஆடிய அதே பையன். 1980ல் பிட்டில் மூருக்குக் கீழே மாணவ உதவியாளராக இருந்துவிட்டு, 1981ல் அயோவாவின் முன்வரிசைப் பயிற்சியாளராகப் போனவர்; 1999ல் அந்த அணியையே பொறுப்பேற்றார். அங்கே டைட் எண்டாக ஆட வந்த ராபர்ட் கேலரியை அவர்கள் டாக்கிளாக மாற்றினார்கள். கிரிமுக்கும் ஹெக்குக்கும் நடந்தது போலவே. கேலரி 2003ல் அவுட்லண்ட் பரிசு பெற்றார். அடுத்த ஏப்ரலில் ஓக்லண்ட் அணி அவரைத் தேர்ந்தெடுத்தது, 1985ல் ஃபிராலிக் போன அதே இரண்டாம் இடத்தில்.